உன் அப்பா வாயைத் திறந்தார், நான் பாடினேன்

என் துரைக்கு, ஊரார் வாத்தியார் ஐயா என்று கூப்பிடும் என் பிள்ளைக்கு, விளாங்குடியிலிருந்து அம்மா எழுதுகிறேன். இங்கே பசு சுகம், கோழிகள் சுகம். உன் அப்பாவுக்கு முழங்கால் வலி மழைக்கு வருகிறது, வெயிலுக்குப் போகிறது. எனக்குத்தான் பத்து நாளாக இருப்புக்கொள்ளவில்லை. உட்கார்ந்தால் எழுந்திருக்கத் தோன்றுகிறது. எழுந்தால் எதற்கு எழுந்தேன் என்று மறந்துபோகிறது. முந்தாநாள் குழம்புக்கு இரண்டு தடவை உப்புப் போட்டுவிட்டேன். உன் அப்பா முழுவதையும் தின்று முடித்து, ஒரு செம்புத் தண்ணீரையும் குடித்துவிட்டு, "கடலுக்குப் போயிட்டு வந்த மாதிரி இருக்கு" என்று அந்தக் காற்றுக் குரலில் சொன்னார். இத்தனைக்கும் காரணம் உன் கடிதம்தான்.

முதலில் இந்தக் காகிதத்தைத் திருப்பிப் பார். பின்பக்கத்தில் குறுக்கே கோடு இழுத்து அடித்த எழுத்து தெரியும். அது உனக்கு நிச்சயித்திருக்கும் சாராளுக்கு நான் எழுதிய கடிதம். நீ கேட்டபடியேதான் எழுதினேன். கல்யாணத்துக்கு இன்னும் ஒன்றரை மாதம் இருக்கிறது, கல்யாணம் முடிந்த பிறகு அவள் வேதக்கோயிலில் பாட்டு எடுக்க வேண்டாம், நான் சொன்னால் முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்வாள், நீங்கள் சொன்னால் கேட்பாள் என்று எழுதியிருந்தாய் அல்லவா? அதைத்தான் தேன் தடவி, "மகளே, போகிற இடத்துக்குத் தக்கபடி இருந்துகொள்" என்று எழுதி மடித்துவைத்தேன். தபால் பெட்டி வரைக்கும் இரண்டு முறை போனேன். இரண்டு முறையும் கடிதம் என் இடுப்பிலேயே வீட்டுக்குத் திரும்பி வந்தது. இந்த உலகச் சண்டைக் காலத்தில் நல்ல காகிதம் கிடைப்பது அரிது. அதனால் அதன் முதுகிலேயே உனக்கு எழுதுகிறேன். இடம் போதாமல் போனால் பழைய காலண்டர் தாள்கள் இருக்கின்றன. நான் இரண்டாம் வகுப்போடு நின்றவள். பிழை இருந்தால் சிவப்பு மை தொட்டுத் திருத்தி மார்க் போட்டுக்கொள். ஆனால் கடைசி வரை படித்துவிட்டுப் போடு.

உன் கடிதத்தை ஏழு தடவை படித்தேன். மூன்று காரணம் சொல்லியிருக்கிறாய். நிச்சயதார்த்தம் முடிந்த மறு வாரம் சாராள் வீட்டார் உன் ஊர்க் கோயிலுக்கு வந்தார்கள். கோயில் ஊழியம் பார்க்கும் உபதேசியார் மரியாதைக்கு அவளை ஒரு பாட்டு எடுக்கச் சொன்னார். அவள் எடுத்த உயரத்துக்கு ஆண்கள் பக்கம் யாருக்கும் குரல் ஏறவில்லை. சபை மூப்பர் ஒருவர், "பொண்ணு பாட்டுக்கு ஏணி வச்சுத்தான் ஏறணும் போல" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன் என்று நீயே எழுதியிருக்கிறாய். இது முதல் காரணம். அந்த மூப்பர் இருக்கும் பள்ளிக்கூடக் கமிட்டிதான் உன் வாத்தியார் வேலையை நிரந்தரம் செய்ய வேண்டும். இது இரண்டாவது. மூன்றாவதை நீ ஒரே வரியில் எழுதிவிட்டுப் போய்விட்டாய். "பண்டிகை நாளில் நான் பட்டது என் பிள்ளைகள் பட வேண்டாம்" என்று. அந்த வரியைப் படித்துவிட்டுத்தான் நான் எழுந்து போய், காய்ந்துகொண்டிருந்த துணியைக் காய்வதற்கு முன்பே எடுத்து மடித்துவைத்தேன்.

துரை, நான் பாட்டு எடுக்க வந்த கதையை நீ உன் சிநேகிதர்களிடம் சொல்வதைக் கேட்டிருக்கிறேன். நீ சொல்லும்போது அதில் உன் அப்பா பெரிய தியாகி, நான் பெரிய தைரியசாலி. நடந்ததை நடந்தபடி ஒரு தடவை எழுதிவிடுகிறேன். அப்போதெல்லாம் நம் கோயிலில் எழுத்துத் தெரிந்தவர்களைக் கைவிரலில் எண்ணிவிடலாம். பாட்டுப் புத்தகம் இரண்டே இரண்டு. ஒன்று உபதேசியாரிடம், இன்னொன்றைக் கரையான் தின்றுகொண்டிருந்தது. பாட்டு எடுக்கிறவர் முன்னால் நின்று ஓர் அடி பாட வேண்டும், சனங்கள் அதைத் திருப்பிப் பாட வேண்டும். அவர் எந்த உயரத்தில் ஆரம்பிக்கிறாரோ அந்த உயரத்துக்குத்தான் எல்லோரும் போயாக வேண்டும். உன் அப்பாதான் அந்த ஆள். நூறு பாட்டுக்கு மேல் மனப்பாடம். உழுதுகொண்டே பாடிப் பார்ப்பார், வீட்டில் சாப்பிட்டுக்கொண்டே பாடிப் பார்ப்பார். மூன்றாவது அடியில் சறுக்கினால் அடுப்படியிலிருந்து நான் எடுத்துக்கொடுப்பேன். அப்படித்தான் நூறு பாட்டும் எனக்குள்ளும் வந்து உட்கார்ந்தது. யாரும் எனக்குக் கற்றுக்கொடுக்கவில்லை.

நீ பிறந்த மறு வருஷத்து மழையில் அவருக்குத் தொண்டை வீங்கியது. மதுரை ஆஸ்பத்திரியில் பார்த்து, உயிருக்கு ஒன்றுமில்லை, குரல் மட்டும் திரும்பாது என்று அனுப்பிவிட்டார்கள். மனுஷன் சோறு இறங்காமல் கிடந்தார். வயலில் ஆயிரம் பேர் உழலாம், முன்னால் நின்று பாட்டு எடுக்க அவர் ஒருவர்தானே! அந்த இடம் போய்விடும் என்ற கவலை அவரைத் தின்றது. நான் விளையாட்டாகத்தான் சொன்னேன். "இங்கேருங்க, நீங்க வாயத் தெறங்க, நான் பாடுறேன். ரெண்டு பேருக்கும் சேத்து ஒரு வாயி, ஒரு தொண்ட. போதாதா?" அவர் சிரிக்கவில்லை. எங்கே, பாடு பார்ப்போம் என்று சைகை காட்டினார். அந்த ஞாயிற்றுக்கிழமை பெண்கள் பக்கத்தில் முதல் வரிசையில், தூணுக்குப் பின்னால், உன்னை மடியில் போட்டுக்கொண்டு உட்கார்ந்தேன். உன் அப்பா வெண்கலத் தாளத்தைக் கையில் எடுத்து முன்னால் நின்று வாயைத் திறந்தார். நான் என் குரலைக் கிணற்றுக்குள் வாளி இறக்குவது போல் இறக்கி, அவர் எடுக்கும் உயரத்திலேயே எடுத்தேன்.

மூன்று மாதம் நடந்தது இந்தக் கூத்து. யாருக்கும் தெரியாது என்று நாங்கள் இரண்டு பேரும் நினைத்துக்கொண்டிருந்தோம். முதல் வாரமே பெண்கள் எல்லோருக்கும் தெரியும், இரண்டாம் வாரம் அவர்கள் புருஷன்மார் எல்லோருக்கும் தெரியும் என்பது பிற்பாடுதான் தெரிந்தது. உன் அப்பா மேல் இருந்த பிரியத்தில் யாரும் வாயைத் திறக்கவில்லை. கடைசியில் காட்டிக்கொடுத்தது நீதான். அறுப்பின் பண்டிகை அன்று மிஷன் பாதிரியார் பெரிய ஐயர் வந்திருந்தார். பந்தல் நிறைய நெற்கட்டும் பூசணிக்காயும். பாட்டு உச்சிக்குப் போகிற அடியில் உனக்கு என்ன தோன்றியதோ, ஒன்றரை வயசுப் பிள்ளை, மடியில் எழுந்து நின்று உன் உள்ளங்கையை என் வாய் மேல் வைத்து அழுத்திவிட்டாய். என் பாட்டு அப்படியே நின்றது. முன்னால் உன் அப்பா வாயை ஆவென்று திறந்தபடி நிற்கிறார், சத்தம் இல்லை. பிறகு யாரோ ஒருத்தி களுக்கென்று சிரித்தாள். அவ்வளவுதான், நெற்கட்டெல்லாம் உதிர்ந்துவிடும்போல ஒரு சிரிப்பு.

உன் அப்பா வாயை மூடினார். இரண்டு எட்டு நடந்து பெண்கள் பக்கம் வந்து, தாளத்தை என் மடியில் வைத்துவிட்டு, திரும்பிப் போய் ஆண்கள் பாயில் கடைசியில் உட்கார்ந்துகொண்டார். உன்னைப் பக்கத்து வீட்டுக்காரி மடியில் தள்ளிவிட்டு, முக்காட்டைச் சரிசெய்துகொண்டு எழுந்து நின்று, விட்ட அடியிலிருந்து எடுத்தேன். சனங்கள் சேர்ந்து பாடினார்கள். இந்தப் பக்கத்துக் கோயில்களில் ஒரு பெண்பிள்ளை எழுந்து நின்று பாட்டு எடுத்தது அதுதான் முதல் தடவை என்று பிற்பாடு பெரிய ஐயர் சொன்னார். அப்போது எனக்கு அதெல்லாம் தெரியாது. நீ அழுகிறாயா என்ற கவலைதான்.

அடுத்த வாரம் பஞ்சாயத்து. மாசிலாமணி மூப்பர், பிறந்ததிலிருந்து சிரிக்காத மனுஷன், எழுந்து நின்று கேட்டார். "பொம்பள எடுத்து ஆம்பள திருப்பிப் பாடுறதா? வேதத்துல இருக்கா?"

நான் தலையைக் குனிந்துகொண்டே சொன்னேன். "வேதத்துல இல்லதான் மாமா. மூணு மாசமா நீங்க திருப்பிப் பாடுனதும் வேதத்துல இல்ல."

உபதேசியார் இருமுவது போல் சிரிப்பை மறைத்தார். கடைசியில் ஒரு நிபந்தனையோடு விட்டார்கள். நான் எடுக்கலாம், ஆனால் உன் அப்பா எடுத்த அதே உயரத்தில்தான் எடுக்க வேண்டும். "கண்ண மூடுனா ஆம்பள எடுக்குற மாதிரி இருக்கணும்" என்றார் மூப்பர். நான் சரி என்றேன். மூச்சுவிட்டது போல் எளிதாகச் சொன்னேன். இருபத்திரண்டு வருஷம் அந்தச் சொல்லைக் காப்பாற்றியும்விட்டேன்.

அதற்குப் பிறகு எத்தனை ஊர்! பரவையில் கல்யாணம், வைகை மணலில் நடந்து துவரிமானுக்குப் போய் ஒரு சாவு, கிறிஸ்துமஸ் என்றால் ஐந்து ஊர்ப் பஜனை. பரவைக் கல்யாணத்தில் மாப்பிள்ளையின் தாய்மாமன் வழியை மறித்துக்கொண்டு, "பொம்பள பாட்டெடுத்தா எங்களுக்கு ஆகாது" என்றார். "அண்ணே, நான் பாட்டுத்தான் எடுக்க வந்திருக்கேன், ஒங்க மாப்ளய இல்ல. வழிய விடுங்க, வெயிலு ஏறுது" என்றேன். கூட இருந்த இளவட்டங்கள் சிரித்ததில் அவர் நகர்ந்துவிட்டார். இப்படித்தான் நான் எல்லாக் கதவையும் திறந்தேன். கேலிதான் என் சாவி. நீ வீட்டில் காத்திருந்தாய். பண்டிகை அன்று பிள்ளைகளெல்லாம் அவரவர் அம்மா கையால் இட்லி தின்னும்போது நீ பக்கத்து வீட்டு அடுக்களையில் உட்கார்ந்திருந்தாய். நான் திரும்பி வரும்போது மதியம் தாண்டியிருக்கும். ஒரு தடவை நீ புதுச் சட்டையைக் கழற்றிவிட்டுப் பழசைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தாய். "பண்டிகை முடிஞ்சிருச்சும்மா" என்றாய். உனக்கு ஏழு வயசு. நான் அதையும் கேலி செய்து சிரிக்கவைத்தேன். இன்றைக்கு அதற்கு என்னிடம் கேலி இல்லை. தப்பு என்னுடையது. ஆனால் ஒன்று: அடுப்பு எங்கே இருக்கிறது என்று உன் அப்பாவுக்கும் தெரிந்திருக்கலாம். உனக்குத் தெரிந்திருக்கட்டும். இட்லி ஊற்றுவது நூறு பாட்டு மனப்பாடம் செய்வதைவிடச் சுலபம்.

நடுவில் எழுந்து போய்விட்டேன். மாடு கத்தியது என்று போனேன், மாடு கத்தவில்லை. சரி, இப்போது நேசம்மாள் கதைக்கு வருகிறேன். உனக்கு நன்றாகத் தெரிந்த கதைதான். பண்டிகை வீடுகளில் நான் நூறு தடவை சொல்லி, நீயும் விழுந்து விழுந்து சிரித்த பருந்துக் கதை. நேசம் நம் கோயிலுக்கு மருமகளாக வந்த சமயம் எனக்கு ஒரு நாள் சளி. உபதேசியார் அவளை எடுக்கச் சொன்னார். அவள் தன் குரலுக்கு எது வருமோ அந்த உயரத்தில் எடுத்தாள். ஆண்கள் தடுமாறினார்கள். நான் முன்வரிசையிலிருந்து திரும்பி, எல்லோருக்கும் கேட்கும்படி, "அடி நேசம், கோழிக்குஞ்சப் பருந்து தூக்கிட்டுப் போற மாதிரி இருக்கு, கொஞ்சம் கீழ எறக்குத்தா" என்றேன். கோயிலே சிரித்தது. மாசிலாமணி மூப்பர்கூடச் சிரித்தார். நேசமும் சிரித்தாள். அடுத்த வாரம் அவள் கடைசி வரிசையில் போய் உட்கார்ந்தாள். பிறகு அவள் எடுக்கவே இல்லை. அவள் புருஷனுக்கு மில்லில் வேலை கிடைத்து வண்டியூர்ப் பக்கம் போய்விட்டார்கள். நான் கதையை மட்டும் வைத்துக்கொண்டேன்.

உன் கடிதத்தில் அந்த ஏணிக் கேலியைப் படித்ததும் எனக்கு அந்தப் பருந்துதான் ஞாபகம் வந்தது. அதே கேலி, வேறு ஊர், வேறு வாய். தபால் பெட்டியிலிருந்து இரண்டாம் தடவை திரும்பி வந்த மறுநாள் காலை, உன் அப்பாவிடம், "வண்டியூருக்குப் போயிட்டு வாரேன்" என்று மட்டும் சொல்லிவிட்டுக் கிளம்பினேன். தெப்பக்குளத்துக்குக் கிழக்கே விசாரித்து விசாரித்துக் கண்டுபிடித்தேன். வாசலில் பழைய வேட்டியை விரித்து வடகம் ஊற்றிக்கொண்டிருந்தாள். தலை பாதி நரைத்திருந்தது. என்னைப் பார்த்ததும் கரண்டியைக் கீழே வைத்தாள்.

"வாங்கக்கா. யாரு செத்துப்போயிட்டாக?"

"ஏண்டி, நான் வந்தாலே எழவுதானா?"

"பாட்டெடுக்க இல்லாம ஒரு வீட்டுக்கும் நீங்க வந்து நான் பாத்ததில்லையே. அதான் கேட்டேன்."

நான் பக்கத்தில் உட்கார்ந்து, ஒரு கரண்டி எடுத்து நானும் ஊற்ற ஆரம்பித்தேன். கை சும்மா இருந்தால் பேச்சு வராது போலிருந்தது. "நேசம், அந்தப் பருந்து, கோழிக்குஞ்சு... அத நீ மனசுல வச்சிருக்கியா?" என்று கேட்டேன்.

"அன்னைக்கே மறந்துட்டேன்னு சொன்னா நம்புவீகளா?"

"நம்ப மாட்டேன்."

"அப்பச் சரி" என்றாள். மாவை ஒரு வரிசை ஊற்றி முடித்தாள். "திட்டியிருந்தீகன்னா நானும் திருப்பித் திட்டியிருப்பேன். சிரிக்க வச்சுட்டீக. நானும் சேந்து சிரிச்சுத் தொலச்சேன். அதுக்கு மேல என்ன பேச முடியும்?"

அத்தோடு விட்டிருந்தால் நான் மன்னிப்புக் கேட்டுவிட்டு நிம்மதியாகத் திரும்பியிருப்பேன். அவள் விடவில்லை. "ஒண்ணு கேக்கவாக்கா? இம்புட்டு வருசமாப் பாட்டெடுக்குறீகளே, பொம்பளைக பக்கத்துச் சத்தம் ஒங்களுக்கு என்னைக்காச்சும் கேட்டிருக்கா?"

"கேக்காம என்ன?"

"கேட்டிருக்காது. நீங்க எடுக்குற பாட்டுக்கு எங்க யாருக்கும் தொண்ட எறங்காது. கெணத்துக்குள்ள கால விட்ட மாதிரி, அடியே தட்டாது. பாதிப் பேரு சும்மா வாயத்தான் அசைப்போம், ஒங்க வீட்டு அண்ணன் மாதிரி." சொல்லிவிட்டு அவளுக்கே சிரிப்பு வந்துவிட்டது. "நம்மள்ல ஒருத்தி முன்னால நிக்கிறான்னு பெருமதான். அதுனாலதான் யாரும் ஒங்ககிட்டச் சொல்லல."

திரும்பும்போது பஸ்ஸில் இடம் இருந்தும் நான் உட்காரவில்லை. நேற்று ஞாயிற்றுக்கிழமை. பாட்டு எடுத்துக்கொண்டே முதல் தடவையாகக் காதைப் பெண்கள் பக்கம் திருப்பிவைத்தேன். ஆண்கள் பக்கம் அலை மாதிரி வருகிறது. இந்தப் பக்கம் நாற்பது வாய் அசைகிறது, கொசு முனகுவது போல் ஒரு சத்தம். இருபத்திரண்டு வருஷமாக நான் முதுகைக் காட்டி நின்றுகொண்டு, எல்லோரும் பாடுகிறார்கள் என்று நினைத்திருக்கிறேன். ஒரு பெண்பிள்ளை முன்னால் வந்தாள் என்று ஊரெல்லாம் பேச்சு. அவள் வந்து மற்ற பெண்பிள்ளைகளின் பாட்டை நிறுத்திவிட்டாள். நிபந்தனை போட்ட மாசிலாமணி மூப்பர் போய்ச் சேர்ந்து ஒன்பது வருஷம் ஆகிறது. அதன் பிறகும் நான் அவருக்காகவே கீழே எடுத்துக்கொண்டிருந்தேன். கேட்க ஆள் இல்லை. பழக்கம்தான்.

சாராளை முதல் தடவை பார்க்கத் திருப்பரங்குன்றம் பக்கம் அவள் ஊருக்குப் போயிருந்தோமே, அன்று அவள் எடுத்த பாட்டை நீ கவனிக்கவில்லை, அவளைத்தான் கவனித்தாய். அது உன் வயசு. நான் கவனித்தேன். அவள் தன் உயரத்தில்தான் எடுத்தாள், பெண்கள் பக்கம் கூரை அதிர்ந்தது. ஆண்களும் பாடிக்கொண்டுதான் இருந்தார்கள். எனக்கு அது எப்படி என்று புரியவில்லை. வெளியே வந்ததும் அவள் பெரியப்பாவிடம் கேட்டேன். "நாங்க கீழ எறங்கிக்கிட்டோம்த்தா" என்றார். "அவ மேல பாடுவா, நாங்க அடியில நின்னுக்குவோம். மொத ஆறு மாசம் மழக்காலத் தவள மாதிரிதான் கத்துனோம். அப்புறம் பழகிருச்சு." அன்றைக்கு அதைக் கேட்டுச் சிரித்துவிட்டு வந்தேன். சிரித்தேனே தவிர, அந்தச் சின்னப் பெண் நான் செய்யாததைச் செய்துவிட்டாள் என்று உள்ளே ஒரு முள் குத்தியது. பின்பக்கத்தில் இருக்கும் கடிதத்தை எழுதும்போது அந்த முள்ளும் கொஞ்சம் எழுதியது. மறைக்காமல் சொல்கிறேன்.

உன் வேலைக்கு வருகிறேன். உன் பயம் வீண் பயம் என்று சொல்ல மாட்டேன். கமிட்டி உன்னை வேண்டாம் என்று சொல்லாது என்று நான் எப்படிச் சத்தியம் செய்வேன்? சொல்லலாம். சொன்னால் வேறு பள்ளிக்கூடம் தேட வேண்டியிருக்கும், அதுவரை இங்கே வந்து நாற்று நட வேண்டியிருக்கும். உன் கைக்குச் சுண்ணாம்புக்கட்டி பிடித்துப் பழகிவிட்டது, கொப்புளம் போடும். ஆனால் சாராள் பாட்டை நிறுத்துவது என்று இருந்தால் அதை அவளேதான் நிறுத்த வேண்டும். நீ அவளிடம் நேரில் போய், முகத்தைப் பார்த்துக் கேள். என்னைத் தூது விடாதே. கேட்கும்போது சிரிக்காதே. சிரித்துக்கொண்டு கேட்டால் அவளும் சிரித்துவிட்டுச் சரி என்பாள். அதற்குப் பிறகு அவளாலும் ஒன்றும் பேச முடியாது, உன்னாலும் முடியாது. நேசம் சொன்னாள் அல்லவா?

இவ்வளவும் எழுதியதை உன் அப்பாவுக்குப் படித்துக் காட்டினேன். முற்றத்தில் உட்கார்ந்து கடலை உடைத்துக்கொண்டிருந்தார். தாளத்தை என் மடியில் வைத்த இடம் வந்ததும் கையைக் காட்டி நிறுத்தினார். "பெருந்தன்மைன்னு எதுவும் எழுதிறாத" என்றார். "வெக்கத்துலதான் ஒக்காந்தேன். எல்லாரும் சிரிச்சாக, காலு நிக்கல."

"அப்ப அதையும் எழுதுறேன்" என்றேன்.

கொஞ்ச நேரம் கடலையை உடைத்தார். "ஆனா எந்திரிச்சு வந்து திரும்ப வாங்கல. அதையும் எழுது."

எழுதிவிட்டேன். இப்போது கடைசி விஷயம். போன வாரம் சாராளிடமிருந்து ஒரு கார்டு வந்தது. உன்னிடம் சொன்னாளோ என்னவோ. "அத்தை, என் கல்யாணத்துக்கு நீங்கதான் பாட்டு எடுக்கணும்" என்று கேட்டிருக்கிறாள். பெண்ணே தன் கல்யாணத்துக்கு எடுக்க முடியாதே, அதனால். எடுக்கிறேன் என்று பதில் போட்டுவிட்டேன். அவள் உயரத்தில் எடுப்பேன். அன்றைக்கு உன் மூப்பர் வருவார், உன் கமிட்டியும் வரும், எல்லோரும் கேட்கட்டும். இன்று காலை ஆற்று மணலில் போய்ப் பாடிப் பார்த்தேன். மூன்றாவது அடியிலேயே குரல் உடைந்தது, பானை விரிசல் விட்ட மாதிரி. தூரத்தில் மாடு குளிப்பாட்டிக்கொண்டிருந்த ஒருவர் திரும்பிப் பார்த்தார். உன் அப்பா மட்டும் கரையில் நின்று, இன்னொரு தடவை என்று கையைக் காட்டினார். இன்னும் ஒரு மாதம் இருக்கிறது, தினமும் போகப் போகிறேன். கல்யாணத்தன்று உடைந்தாலும் பாதியில் நிறுத்த மாட்டேன். சிரிக்கிறவர்கள் சிரிக்கட்டும். நான் இந்தச் சனங்களை நிறையத்தான் சிரிக்கவைத்திருக்கிறேன், ஒரு தடவை என்னைப் பார்த்துச் சிரித்தால் குறைந்துபோக மாட்டேன்.

நீ அவள் பக்கத்தில் நிற்பாய். பெண்கள் பக்கம் எழும்பும், உனக்குக் குரல் ஏறாது. கீழே இறங்கிப் பாடப் பார், தவளை மாதிரிக் கத்தினாலும் பரவாயில்லை. அதுவும் வரவில்லை என்றால் உன் அப்பா மாதிரி சும்மா வாயைத் திறந்துகொண்டு நில், அதில் ஒரு வெட்கமும் இல்லை. ஒன்றரை வயசில் என் வாயைப் பொத்தினாய், அது தெரியாமல் செய்தது. இப்போது உனக்கு இருபத்து மூன்று. கையைக் கீழே வைத்துக்கொள், ராசா.

உன் அம்மா